கற்பனை உலகத்துக்கு நாள்காட்டி அமைப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கற்பனை உலகத்தை வைத்து நாவலோ காமிக்ஸோ விளையாட்டோ எழுதத் தொடங்குபவர்கள் முதலில் வரைபடம் போடுகிறார்கள். ஊர்ப் பெயர்களுக்கும் அரச வம்சங்களுக்கும் நிறைய உழைக்கிறார்கள். நாள்காட்டி என்று வந்தால் மட்டும் ஜனவரி, பிப்ரவரிக்கு வேறு பெயர் சூட்டி முடித்துவிடுகிறார்கள். அது பெரிய இழப்பு. ஒரு சமூகம் எதற்குக் காத்திருக்கிறது, யார் சொல்லைக் கேட்கிறது, எதைக் கண்டு அஞ்சுகிறது என்பதெல்லாம் அதன் நாள்காட்டியில் இருக்கும். இந்த வேலையில் இறங்குபவர்களுக்கு வழக்கமாக வரும் கேள்விகளுக்கான பதில்கள் இவை.

கதைக்கு நாள்காட்டி உண்மையிலேயே தேவையா?

ஒரே இரவில் முடிகிற கதைக்குத் தேவையில்லை. படையெடுப்பு, கடற்பயணம், அறுவடை, வரிவசூல், கர்ப்பம், சிறைத்தண்டனை என்று ஏதாவது ஒன்று கதைக்குள் வந்துவிட்டால் தேவை. வாசகர் விரல்விட்டு எண்ணிப் பார்ப்பார். எண்ணிப் பார்க்காதவருக்குக்கூட ஏதோ இடிக்கிறது என்று தோன்றும்.

எங்கிருந்து தொடங்குவது? மாதப் பெயர்களிலிருந்தா?

பெயர்களைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் மூன்று அளவுகள் வேண்டும்: ஒரு நாள் எவ்வளவு நேரம், ஓர் ஆண்டுக்கு எத்தனை நாள், அமாவாசைக்கு அமாவாசை எத்தனை நாள். நிலா உலகைச் சுற்றிவர ஆகும் காலமும் அமாவாசைக் கணக்கும் ஒன்றல்ல. நம் நிலா பூமியைச் சுற்ற 27.3 நாள் ஆகிறது. ஆனால் அதற்குள் பூமியும் சூரியனைச் சுற்றிக் கொஞ்சம் நகர்ந்துவிடுவதால் அடுத்த அமாவாசைக்கு 29.53 நாள் ஆகிவிடுகிறது. நாள்காட்டிக்கு வேண்டியது இரண்டாவது எண்.

இந்த மூன்றும் ஒன்றுக்கொன்று சரியாக வகுபடாது. பூமியின் ஆண்டு 365.2422 நாள். பன்னிரண்டு அமாவாசைகள் சேர்ந்தால் 354.37 நாள்தான். சுமார் 11 நாள் மிச்சம். அந்த மிச்சத்தை என்ன செய்வது என்பதுதான் உலகின் எல்லா நாள்காட்டிகளும் எதிர்கொண்ட கேள்வி. என்னைக் கேட்டால், கற்பனை உலகத்துக்கும் இந்த ஒரு கேள்விக்கு நல்ல பதில் கிடைத்துவிட்டால் முக்கால்வாசி வேலை முடிந்தது.

பழைய எகிப்தியர் நிலாவைக் கைவிட்டு, மாதத்துக்கு 30 நாள் என்று 12 மாதம் வைத்தார்கள். மிஞ்சிய ஐந்து நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல் ஆண்டின் கடைசியில் வைத்து, ஓசிரிஸ், ஐசிஸ் முதலான ஐந்து தெய்வங்களின் பிறந்தநாள் ஆக்கினார்கள். மாயா மக்களும் 20 நாள் கொண்ட 18 மாதம் போக அதே ஐந்து நாளைத் தனியே வைத்தார்கள். ஆனால் அவர்களுக்கு அவை ஆபத்தான நாட்கள். ஒரே மிச்சம், ஓரிடத்தில் கொண்டாட்டம், இன்னோரிடத்தில் அச்சம். இஸ்லாமிய நாள்காட்டி மிச்சத்தைப் பிடித்துவைக்கவே இல்லை. அதனால் ரமலான் எல்லாப் பருவங்களுக்குள்ளும் நகர்ந்து ஏறக்குறைய 33 ஆண்டில் பழைய இடத்துக்கு வருகிறது. யூதரும் சீனரும் மிச்சத்தைச் சேர்த்துவைத்து, 19 ஆண்டில் ஏழு முறை ஒரு கூடுதல் மாதம் போடுகிறார்கள்.

தமிழ் மாதங்களின் வழி இன்னும் அழகானது. சூரியன் ஒரு ராசிக்குள் நுழையும்போது மாதம் பிறக்கிறது, அடுத்த ராசிக்குப் போகும்போது முடிகிறது. சூரியன் மெதுவாக நகர்வதாகத் தெரியும் ஆனியில் 32 நாள்கூட வரும். வேகமாக நகரும் மார்கழி 29 நாளிலேயே முடிந்துவிடுவதும் உண்டு. மிச்சம் என்று தனியாக எதுவும் நிற்பதில்லை, மாதங்களுக்குள்ளேயே கரைந்துவிடுகிறது.

ஒரு உலகத்தை வைத்துக் கணக்குப் போட்டுக் காட்ட முடியுமா?

சரி, ஆம்பல் என்று ஓர் உலகம். ஆண்டுக்கு 402.3 நாள். அமாவாசைக்கு அமாவாசை 26.4 நாள். அங்கே இரண்டு கூட்டத்தார் இருக்கிறார்கள்: கடலோரத்தில் மீன்பிடிக்கும் துறையர், உள்நாட்டில் உழவு செய்யும் மேட்டார்.

துறையருக்கு நிலாதான் முக்கியம். கடல் ஏறுவதும் வற்றுவதும் அதைப் பொறுத்தது. பதினைந்து நிலா மாதம் சேர்ந்தால் 396 நாள், மிச்சம் 6.3 நாள். நாலு வருடம் சேர்ந்தால் கிட்டத்தட்ட ஒரு மாதம். ஆகவே அவ்வப்போது பதினாறாவது மாதம் ஒன்று போடுகிறார்கள். 21 ஆண்டுக்கு 8448.3 நாள், 320 நிலா மாதத்துக்கு 8448 நாள். அதாவது 21 ஆண்டில் ஐந்து முறை கூடுதல் மாதம் போட்டால் கணக்கு நேராகிவிடும். 70 ஆண்டுக்கு ஒரு நாள்தான் தவறும். மூன்று தலைமுறை வாழ்ந்தால்தான் யாராவது கவனிப்பார்கள்.

மேட்டார் சூரியனைப் பார்த்து விதைக்கிறவர்கள். எட்டு மாதம், மாதத்துக்கு 50 நாள். 400 போக மிச்சம் இரண்டு நாள். பத்து ஆண்டில் மூன்று முறை அது மூன்று நாள் ஆகும். அந்த நாட்கள் எந்த மாதத்திலும் சேராது, சந்தைக் கணக்கிலும் வராது. கடனுக்கு வட்டி ஏறாது, பஞ்சாயத்து கூடாது, அன்று கொடுத்த வாக்கு செல்லாது.

இதற்கு மேல் கதை தானாக வரும். மிச்ச நாளில் பிறந்த பிள்ளைக்கு எந்த மாதம்? அன்று நடந்த கொலையை எந்த நாளில் பதிவார்கள்? துறையர் பெண்ணை மேட்டார் வீட்டில் கட்டிக்கொடுத்தால் கல்யாண நாளை யார் கணக்கில் கொண்டாடுவது? இரண்டு ஊர்ப் புத்தாண்டும் ஒரு தடவை ஒரே நாளில் வந்தால் மறுபடி அப்படி வர 21 ஆண்டு ஆகும். அந்த விழாவுக்காக மொத்த நாடும் காத்திருக்கும். கும்பகோணத்தில் 12 ஆண்டுக்கு ஒருமுறை மகாமகத்துக்குக் கூடும் கூட்டத்தைப் பார்த்தவர்களுக்கு அப்படிப்பட்ட விழாவின் கனம் என்ன என்று நான் சொல்ல வேண்டியதில்லை. அதுவும் வானத்துக் கணக்குதான். வியாழன் ராசிமண்டலத்தைச் சுற்றிவர ஏறத்தாழ 11.86 ஆண்டு ஆகிறது.

360 நாள், 30 நாளில் 12 மாதம் என்று வைத்தால் எல்லாருக்கும் எளிதாயிற்றே?

எளிதுதான். ஆனால் மேலே சொன்ன கதைகள் ஒன்றும் கிடைக்காது. வேறு வேலைக்குக் கவனம் வேண்டும் என்றால் தாராளமாக வையுங்கள். வானம் வகுபடாமல் இருக்க, ஓர் ஆட்சி வந்து அதை வகுபட வைத்தே தீருவேன் என்று கிளம்பினால் அது இன்னும் நல்ல கதை. அப்படி நிஜமாகவே நடந்திருக்கிறது.

1793இல் பிரெஞ்சுப் புரட்சி அரசு ஏழு நாள் வாரத்தை ஒழித்துப் பத்து நாள் தொகுதியைக் கொண்டுவந்தது. ஏழு நாளுக்கு ஒருமுறை ஓய்ந்தவர்கள் பத்து நாளுக்கு ஒருமுறை ஓய வேண்டியதாயிற்று. மாதங்களுக்கு மூடுபனி, உறைபனி, வெப்பம் என்று பருவத்தை ஒட்டிப் பெயர் வைத்தார்கள். அந்தப் பருவங்கள் பாரிஸின் பருவங்கள். வெப்பமண்டலக் குடியேற்ற நாட்டில் உறைபனி மாதத்துக்கு என்ன பொருள்? 1806 தொடக்கத்தில் நெப்போலியன் அதை முடித்துவைத்தார்.

சோவியத் ஒன்றியம் 1929இல் ஐந்து நாள் சுழற்சியைக் கொண்டுவந்தது. தொழிலாளர்களை ஐந்து பிரிவாக்கி, ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு நிறமும் ஓய்வுநாளும் தந்தார்கள். இயந்திரம் ஒருநாளும் நிற்கக் கூடாது என்பது நோக்கம். கணவனுக்கு ஒரு நாள் ஓய்வு, மனைவிக்கு இன்னொரு நாள் என்று ஆயிற்று. 1931இல் ஆறு நாளாக மாற்றினார்கள், 1940இல் மறுபடி ஏழுக்கே வந்தார்கள். உங்கள் உலகத்தின் கொடுங்கோலன் எப்படிப்பட்டவன் என்று காட்ட இதைவிட நல்ல வழி இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. ஒரு குடும்பம் சேர்ந்து சாப்பிடும் நாளையே அவன் கலைத்துவிடுகிறான்.

வாரம் ஏழு நாளாகத்தான் இருக்க வேண்டுமா?

வேண்டாம். வாரம் வானத்திலிருந்து வருவதில்லை, மனிதர் ஏற்படுத்திக்கொண்டது. பெரும்பாலும் சந்தையிலிருந்துதான் வந்திருக்கிறது. நைஜீரியாவின் இக்போ மக்களுக்கு நாலு நாள் சந்தை வாரம். பழைய ரோமில் எட்டு நாளுக்கு ஒரு சந்தை.

ஜாவாவில் இரண்டு வாரங்கள் ஒன்றாக ஓடுகின்றன. ஏழு நாள் வாரத்தோடு ஐந்து நாள் வாரமும் உண்டு. இரண்டும் பொருந்தி அதே சேர்க்கை திரும்பிவர 35 நாள். பிறந்த நாளின் அந்தச் சேர்க்கையை வைத்துக் குணமும் கல்யாணப் பொருத்தமும் பார்ப்பார்கள். மேட்டாருக்கு ஐந்து நாள் சந்தை வாரம் வைத்தால் மாதத்துக்குச் சரியாகப் பத்துச் சந்தை வரும். பக்கத்து ஊருக்கு ஏழு நாள் சந்தை என்று வைத்தால் வியாபாரியின் பயணத் திட்டம் முழுக்க மாறிப்போகும்.

வசந்தம், கோடை, இலையுதிர், குளிர் என்று நாலு பருவம் வைக்கிறேன். சரிதானே?

உங்கள் உலகம் எங்கே இருக்கிறது என்பதைப் பொறுத்தது. தமிழில் எழுதுபவர்களும் யோசிக்காமல் பனிக்கால வடநாட்டை வரைந்துவிடுவது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது. நம்மிடம் கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில் என்று இலக்கணத்திலேயே ஆறு பெரும்பொழுது இருக்கிறது. மழைக்கு மட்டும் இரண்டு. பழைய எகிப்தில் மூன்றே பருவம்: நைல் வெள்ளம் வரும் காலம், பயிர் வளரும் காலம், அறுவடைக் காலம். ஆறு என்ன செய்கிறதோ அதுதான் பருவம்.

இயற்பியலும் கொஞ்சம் பார்க்க வேண்டும். அச்சு சாயாத உலகத்தில் பருவமே கிட்டத்தட்ட இருக்காது. பாதை நீள்வட்டமாக இருந்தால் பருவங்கள் சமமாக இருக்காது. செவ்வாயின் வடபாதியில் வசந்தம் 194 செவ்வாய் நாள், இலையுதிர் காலம் 142 நாள்தான்.

இரண்டு நிலா வைத்தால் என்ன ஆகும்?

கணக்கு கடினமாகும், திருவிழாக்கள் கூடும். ஆம்பலுக்கு 11 நாளில் வளர்ந்து தேயும் இரண்டாவது நிலா ஒன்றைக் கொடுத்துப் பாருங்கள். சின்ன நிலாவின் 12 சுற்றும் பெரிய நிலாவின் ஐந்து சுற்றும் 132 நாள். ஒரு தடவை இரட்டைப் பௌர்ணமி வந்தால் 132 நாளுக்கு ஒருமுறை அது திரும்ப வரும். கடல் அன்று வழக்கத்தைவிட மேலே ஏறும். துறையருக்கு அது பயமா, வரமா என்பது உங்கள் கையில்.

நிலா எல்லாமே கிழக்கில்தான் உதிக்கும் என்றும் எண்ண வேண்டாம். செவ்வாயின் ஃபோபோஸ் 7 மணி 39 நிமிடத்தில் ஒரு சுற்று சுற்றிவிடுகிறது. செவ்வாய் தன்னைத் தானே சுற்றுவதைவிட அது வேகம் என்பதால் மேற்கில் எழுந்து கிழக்கில் மறைகிறது. அதன் இன்னொரு நிலா டெய்மோஸ் கிழக்கில் எழுந்தால் மறைய இரண்டரை நாளுக்கு மேலாகும்.

சூரியன் மறையவே மறையாத உலகத்தில் நாளை எப்படி எண்ணுவார்கள்?

சிறிய சிவப்பு விண்மீன்களுக்கு மிக நெருக்கமாகச் சுற்றும் கோள்கள் ஒரே முகத்தை விண்மீனுக்குக் காட்டியபடி இருக்க வாய்ப்பு அதிகம். ஒரு பாதியில் நிரந்தரப் பகல், மறுபாதியில் நிரந்தர இரவு. 2016இல் கண்டுபிடிக்கப்பட்ட பிராக்சிமா பி அதன் விண்மீனைச் சுற்றிவர 11.2 நாள்தான் ஆகிறது. அங்கே ஆண்டு என்பது நம் ஒன்றரை வாரம்.

அந்த மாதிரி இடத்தில் பக்கத்துக் கோள்களைக் கடிகாரமாக்கலாம். டிராப்பிஸ்ட்-1 என்ற விண்மீனைச் சுற்றி ஏழு கோள்கள் நெருக்கமாக, ஒன்றின் ஓட்டம் மற்றதற்குச் சின்ன விகிதத்தில் பொருந்தும்படி சுற்றுகின்றன. மிக அருகிலுள்ளதற்கு ஒன்றரை நாள், தொலைவிலுள்ளதற்குச் சுமார் 19 நாள். அங்கிருந்து பார்ப்பவருக்கு அடுத்த கோள் வட்டமாகவே தெரியும். அது கடந்துபோகும் ஒவ்வொரு முறையும் ஒரு நாள் என்று எண்ணும் மக்களை நீங்கள் படைக்கலாம். தூக்கத்தையும் பசியையும் வைத்து எண்ணுகிறவர்கள் என்றால் ஊருக்கு ஊர் நாள் வேறுபடும்.

ஆண்டுக்கு எண் எப்படிப் போடுவது?

‘பேரழிவுக்குப் பின் 1204’ என்பது போன்ற ஒரே நீண்ட கணக்கு எல்லா நாவலிலும் வருகிறது. வரலாற்றில் வேறு வழிகளும் நிறைய இருந்தன. சோழர் கல்வெட்டுகள் அரசனின் ஆட்சியாண்டைத்தான் சொல்கின்றன, இன்ன மன்னனுக்கு யாண்டு இத்தனையாவது என்று. மன்னன் மாறினால் எண் மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். மகனையும் உடன் ஆளவைத்த காலத்தில் இரண்டு எண்ணும் ஒன்றன்மேல் ஒன்று ஏறி ஓடும். ஆராய்ச்சியாளர்கள் இன்றைக்கும் அந்த முடிச்சுகளை அவிழ்க்கிறார்கள். கதையில் ஒரு பழைய ஓலையின் காலத்தைக் கண்டுபிடிக்க வேண்டும் என்றால் இதைவிட நல்ல சிக்கல் கிடைக்காது.

பிரபவ முதல் அட்சய வரை 60 ஆண்டுச் சுழற்சி இன்னொரு வழி. ஆண்டின் பெயர் தெரியும், எந்தச் சுற்று என்பது தெரியாது. தாத்தா பிறந்த அதே பெயருள்ள ஆண்டில் பேரனும் பிறக்கலாம்.

நாள் நள்ளிரவில்தான் தொடங்க வேண்டுமா?

பஞ்சாங்கத்துக்குச் சூரிய உதயம், யூதருக்கும் முஸ்லிம்களுக்கும் அஸ்தமனம். வானியலாளர்கள் 1925 வரை நண்பகலில் தொடங்கினார்கள், இரவு முழுக்கப் பார்த்த வேலை ஒரே தேதியில் விழட்டும் என்று.

எல்லை எங்கே விழுகிறது என்பதில் சின்ன வேறுபாடு இருந்தாலும் விளைவு பெரிது. சூரியன் ராசி மாறும் கணம் தமிழகத்துக்கும் கேரளத்துக்கும் ஒன்றுதான். தமிழ் வழக்கில் அது அஸ்தமனத்துக்கு முன் நேர்ந்தால் அன்றே மாதப்பிறப்பு. மலையாள வழக்கில் பகலின் ஐந்தில் மூன்று பங்கு கழிவதற்குள் நேர வேண்டும், இல்லையென்றால் மறுநாள். அதனால்தான் சில ஆண்டுகளில் நமக்குச் சித்திரை பிறந்த மறுநாள் அவர்களுக்கு விஷு. பகை எதுவும் இல்லாமலே இரண்டு நாடுகளுக்கு இரண்டு தேதி வர இது போதும்.

நாள்காட்டி யார் கையில் இருக்க வேண்டும்?

இதை யோசிக்காமல் யாரும் விட்டுவிடக் கூடாது. பழைய ரோமில் கூடுதல் மாதம் எப்போது என்று முடிவுசெய்தவர்கள் குருக்கள். அவர்களே அரசியல்வாதிகள். வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டு நீளும், வேண்டாதவர் இருந்தால் குறையும். கணக்கு அவ்வளவு கெட்டுப்போய், அதை நேராக்க ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாள் ஓடவிட வேண்டியிருந்தது.

எகிப்திலும் கால் நாள் மிச்சம் சேர்ந்து சேர்ந்து பருவம் நகர்ந்தது. கி.மு. 238இல் மூன்றாம் தாலமி காலத்தில் நாலு ஆண்டுக்கு ஒருமுறை ஆறாவது மிச்ச நாள் சேர்க்க ஆணை போட்டார்கள். அது நிலைக்கவில்லை. கிரிகோரியன் திருத்தம் 1582இல் வந்தது. அக்டோபர் 4க்கு அடுத்த நாள் அக்டோபர் 15. போப்பை ஏற்காத நாடுகள் ஏற்க மறுத்தன. இங்கிலாந்து 1752இலும் ரஷ்யா 1918இலும்தான் மாறின. நடுவில் தடுமாறிய சுவீடனில் 1712ஆம் ஆண்டு பிப்ரவரிக்கு 30 நாள்.

ஆம்பலில் பதினாறாவது மாதத்தை அறிவிக்கும் உரிமை கலங்கரை விளக்கத்தின் காவலர்களுக்கு என்று வையுங்கள். அவர்களுக்கு ஒருவர் பணம் கொடுத்தால், ஒரு தலைவரின் பதவிக்காலம் 26 நாள் கூடிவிடும். போர் மூள அது போதும்.

வேறொரு கோளுக்கு யாராவது முழு நாள்காட்டி போட்டிருக்கிறார்களா?

செவ்வாய்க்குப் பலர் போட்டிருக்கிறார்கள். அதில் தாமஸ் கங்காலே 1985இல் உருவாக்கிய டேரியன் நாள்காட்டியை ஒருமுறை உட்கார்ந்து படிப்பது நல்லது. செவ்வாயின் நாள் நம்முடையதைவிட ஏறக்குறைய 40 நிமிடம் அதிகம். ஆண்டுக்கு 668.6 செவ்வாய் நாள். அவர் 24 மாதம் வைத்தார், 20 மாதத்துக்கு 28 நாள், நாலு மாதத்துக்கு 27. மொத்தம் 668. பத்து ஆண்டில் ஆறு ஆண்டுகளுக்கு ஒரு நாள் கூட்டுகிறார், மிச்சம் அடங்கிவிடுகிறது. மாதப் பெயர்கள் ராசிகள்தான், லத்தீனில் ஒன்று, சமஸ்கிருதத்தில் ஒன்று என்று மாறி மாறி. தனுசு, மகரம், கும்பம், மீனம் எல்லாம் செவ்வாய்க்குப் போயிருக்கின்றன.

பாத்திரங்களின் வயதை எப்படிச் சொல்வது?

ஆம்பலின் நாள் நம் நாளின் நீளமே என்றால், அங்கே 18 வயது என்பது இங்கே 19.8. கவலைப்படாமல் எழுதலாம். செவ்வாய் போல ஆண்டு இரட்டிப்பாக இருந்தால் பத்து வயதுப் பெண் கல்யாணம் செய்துகொண்டாள் என்று எழுதிவிட்டு வாசகரை அதிரவைக்கக் கூடாது. அங்கே வயதை வேறு விதமாகச் சொல்லுங்கள்: எத்தனை அறுவடை பார்த்தவள், எத்தனை நிலா மாதம் கண்டவள்.

சித்திரை, வைகாசியையே பயன்படுத்தலாமா?

தமிழ் மண்ணை நினைவூட்டும் உலகம் என்றால் பயன்படுத்தலாம். ஆனால் அவை வெறும் பெயர்கள் அல்ல. பௌர்ணமி எந்த நட்சத்திரத்தில் வருகிறதோ அதை ஒட்டி வந்தவை. உங்கள் வானத்தில் அந்த நட்சத்திரங்கள் இல்லையென்றால் பெயரும் ஒட்டாது. அங்குள்ள மக்கள் செய்யும் வேலையிலிருந்து பெயரை எடுங்கள்.

இவ்வளவையும் வாசகரிடம் எப்படிச் சொல்வது?

பெரும்பாலும் சொல்லவே வேண்டாம். ‘மிச்ச நாள் முடிந்ததும் பணம் தருகிறேன்’ என்று ஒருவன் சொன்னால் வாசகர் பிடித்துக்கொள்வார். பின்னிணைப்பு வேண்டுமானால் ஒரு பக்கத்துக்குள் வையுங்கள்.

கணக்கு தவறாமல் இருக்க என்ன செய்யலாம்?

வானியலாளர் செய்வதையே செய்யலாம். அவர்கள் மாதம், ஆண்டு எதுவும் இல்லாமல் கி.மு. 4713இலிருந்து நாட்களை மட்டும் தொடர்ச்சியாக எண்ணிக்கொண்டு வருகிறார்கள். 2000 ஜனவரி 1 நண்பகலுக்கு அந்த எண் 24,51,545. நீங்களும் எக்செலில் முதல் காட்சியை நாள் 1 என்று வைத்து, ஒவ்வொரு காட்சிக்கும் ஓர் எண் கொடுங்கள். ஊர்த் தேதியை அதிலிருந்து எடுக்கலாம்.

ஆம்பலில் இரண்டு புத்தாண்டும் அமாவாசையும் சேர்ந்து வந்த தினம் நாள் 1 என்று கொள்வோம். நாள் 1000 எப்படி இருக்கும்? மேட்டாருக்கு 402 நாள் கொண்ட இரண்டு ஆண்டு கழித்தால் 196 மிஞ்சும். மூன்றாம் ஆண்டு, நான்காம் மாதம், 46ஆம் நாள். துறையரின் மாதங்கள் 26, 27, 26, 27, 26 என்ற வரிசையில் ஓடினால் ஐந்து மாதத்துக்கு 132 நாள். 37 மாதம் முடிய 977 நாள் ஆகியிருக்கும். கூடுதல் மாதம் இன்னும் வரவில்லை என்பதால் அவர்களுக்கும் மூன்றாம் ஆண்டு, எட்டாம் மாதம், 23ஆம் நாள். அமாவாசைக்கு மூன்று நாலு நாள்தான் இருக்கிறது. நிலா விடியும் நேரத்தில்தான் எழும். ஆகவே அன்று முன்னிரவில் துறைமுகத்துக்குள் கள்ளப் படகு நுழைகிற காட்சி எழுதினால் நிலா வெளிச்சம் வரக் கூடாது.